கைவிரல் அடையாளமும் குற்றப் பதிவுச் சோதனையும்

அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்திலே, ஒரு பாடசாலையில் உதவி ஆசிரியை வேலைக்கு இரண்டு பெண்கள் விண்ணப்பித்தனர் என்று கொள்க. இருவரும் தெரிவு செய்யப்பட்டனர். இருவர் கையிலும் ஒரே வகையான தாளொன்று கொடுக்கப்பட்டது. அத்தாளுடன் குறித்த ஒரு நிலையத்துக்குச் சென்று பத்து விரல்களையும் பதிந்துவிட்டு வரவேண்டும். மாநில நீதித் திணைக்களத்திலிருந்து விடை வந்த பின்னரே வேலை. இருவரும் ஒரே பிற்பகலிற் சென்று திரும்பினர். மூன்றாம் நாள் ஒருத்திக்கு அழைப்பு வந்தது. மற்றவளுக்கு மூன்று வாரமாகியும் ஒன்றும் வரவில்லை. அவள் குற்றவாளியா? அல்லள். அவள்மீது ஒருநாளும் வழக்கு நடந்ததில்லை. ஆயினும் இருபது ஆண்டுகளுக்கு முன்னர், கடையொன்றிலே தோழியர் செய்த சிறு தவறொன்றின்போது, அவளையும் சேர்த்துப் பொலிசார் நிலையத்துக்குக் கொண்டுசென்று, விரல்களைப் பதிந்துகொண்டு, அன்றிரவே வீட்டுக்கு அனுப்பியிருந்தனர். அவள் அதனை மறந்துவிட்டாள். விரல் மறக்கவில்லை.

இந்தப் பெண்ணுக்கு நேர்ந்தது யாது என்பதை விளங்கிக்கொள்ள வேண்டுமாயின், இச்சோதனை எவ்வாறு நடைபெறுகின்றது, ஏன் பெயரை விட்டு விரலை நாடுகின்றது என்பவற்றை முதலில் அறிதல் வேண்டும்.

இலங்கையிலிருந்து வெளிநாடு செல்வோர் பொலிஸ் தலைமையகத்தில் நற்சான்று பெற்றுச் செல்வது யாவரும் அறிந்ததே. அங்கே சான்று விண்ணப்பித்தவர் கைக்கே வருகின்றது. கலிபோர்னியாவில் வேலைக்கென நடைபெறும் சோதனையின் போக்கு வேறு. பாடசாலை, குழந்தை பராமரிப்பு நிலையம், முதியோர் இல்லம், வைத்தியசாலை முதலிய இடங்களில், தம்மைத் தாமே காத்துக்கொள்ள மாட்டாதவர்களோடு பழகும் பணிகளுக்கு இச்சோதனையைச் சட்டம் கட்டாயமாக்கியுள்ளது. விடை வேலை கொடுப்பவருக்கே நேராகச் செல்கின்றது. விண்ணப்பித்தவர் இடையிலே தாளைத் திருத்தவோ மறைக்கவோ வழியில்லை. இது நல்ல ஏற்பாடே. ஆனால் அதே காரணத்தால், தம்மைப் பற்றி என்ன எழுதியிருக்கின்றது என்பதைத் தாம் அறியாமலே ஒருவர் காத்திருக்க நேர்கின்றது.

பெயரைக் கொண்டு தேடினால் ஆகாதா என்று கேட்கலாம். தமிழர்களுக்கு இதற்கு விடை சொல்ல வேண்டியதே இல்லை. தந்தை பெயர் முன்னே வரும் வழக்கமும், முதலெழுத்து மட்டும் நிற்கும் வழக்கமும், கடல் கடந்த பின் தந்தை பெயரே குடும்பப் பெயராகிவிடும் வழக்கமும் ஒரே வீட்டில் உண்டு. சிவகுமாரன் என்ற ஒரு பெயரை ஆங்கில எழுத்தில் எத்தனை விதமாக எழுதலாம்! பெயர் ஒன்றாயிருந்து ஆள் வேறாதலும், ஆள் ஒருவராயிருந்து பெயர் வேறாதலும் எந்த நாட்டுக்கும் பொதுவே. அன்றியும், கைதாகும் ஒருவன் தன் பெயரை மறைத்து அயலான் பெயரைச் சொல்லிவிட்டால், பெயர்வழித் தேட்டத்தில் அப்பழி அயலான் தலையிலே விழும்.

இதற்கு அமெரிக்கர் எடுத்துக்காட்டும் கதை ஒன்று உண்டு. 1903ஆம் ஆண்டிலே கன்சாஸ் மாநிலத்து லெவன்வேர்த் சிறைச்சாலைக்கு வில் வெஸ்ட் என்பவன் கொண்டுவரப்பட்டான். அக்காலத்தில் கைதிகளின் தலை, கை, கால் முதலியவற்றை அளந்து அட்டையில் எழுதிவைப்பர். பெர்த்திலோன் என்ற பிரெஞ்சுக்காரர் வகுத்த முறை அது. அளந்த எழுதுவினைஞர் பழைய அட்டைகளைப் புரட்டியபோது, ஏறத்தாழ அதே அளவுகளுடன், அதே முகச்சாயலுடன், வில்லியம் வெஸ்ட் என்ற பெயரில் ஓர் அட்டை கிடைத்தது. வந்தவனோ, தான் இதற்குமுன் அங்கு வந்ததேயில்லை என்று சாதித்தான். அவன் சொன்னது மெய். அந்த வில்லியம் வெஸ்ட் அதே சிறைச்சாலையினுள் ஏற்கெனவே இருந்தான். உடனே இருவர் விரல்களையும் பதிந்து பார்த்து உண்மை கண்டனர் என்று கதை முடிவதுண்டு. அம்முடிவு பிற்காலத்தார் ஒட்டவைத்தது. லெவன்வேர்த்தில் விரற்பதிவு தொடங்கியது அதற்கு மறு ஆண்டிலேதான். கதையின் வாலை விட்டாலும், பெயரும் முகமும் அளவும் ஒருங்கே ஏமாற்றக்கூடும் என்ற செய்தி எஞ்சிநிற்கின்றது.

விரல் நுனிக் கோடுகள் அவ்வாறு ஏமாற்றுவதில்லை. அவை கரு ஆறு மாதமாவதற்குள் தாய் வயிற்றிலேயே அமைந்துவிடுகின்றன. ஒரே கருவிலிருந்து பிரிந்த இரட்டையருக்கும் அவை வேறுபடும். மேற்றோலிலே காயம் பட்டாலும் ஆறிய பின் பழைய கோடே மீளும். ஆழ்ந்த தழும்பு மட்டுமே நிலைத்து நிற்கும். நம் முன்னோர் விரல் நுனியிலே சங்கும் சக்கரமும் பார்த்துப் பலன் சொன்னார்கள். அறிவியலார் அவற்றையே வளைவு, கண்ணி, சுழி என மூன்றாக வகுத்தார்கள். பலன் மட்டும் சொல்லவில்லை.

இக்கோடுகளை ஆட்சிக்குப் பயன்படுத்தும் எண்ணம் வங்காளத்தில் உதித்தது. 1858ஆம் ஆண்டு ஜூலை மாதம், ஜங்கிப்பூரில் அதிகாரியாயிருந்த வில்லியம் ஹேர்ஷல், பாதை போடும் பொருள்களுக்காக ராஜ்யதர் கோனாய் என்பவரோடு ஓர் ஒப்பந்தம் எழுதினார். கையொப்பத்தைப் பின்னாளில் தமதன்று என அவர் மறுத்துவிடலாகாதே என்ற எண்ணத்தால், முத்திரை குத்தும் மையை அவர் உள்ளங்கையிலே பூசி, முழுக்கையையும் தாளிற் பதித்துக்கொண்டார். ஹேர்ஷல் அப்போது எண்ணியது அறிவியலன்று, அச்சுறுத்தலே. 1877இல் ஹூக்ளியில் அவர் இதனை முறையாக நடத்தினார். ஓய்வூதியம் பெறுவோர் இறந்த பின்னும் அவர்கள் பெயரில் வேறு யாரோ பணம் வாங்கிச் செல்வதை அங்கே விரல் தடுத்தது. கைநாட்டு என்றால் எழுத்தறியாதவன் என்று எள்ளி நகையாடுவது நம் வழக்கு. இன்று பட்டம் பெற்ற ஆசிரியையும் வைத்தியரும் வரிசையில் நின்று அதே கைநாட்டைப் போட வேண்டியிருக்கின்றது.

பதிவது எளிது, பதிந்ததைத் தேடுவதே அரிது. இலட்சம் அட்டைகளுள் ஒருவன் அட்டையை எங்ஙனம் காண்பது? இதற்கு வழி கண்டவர்கள் கல்கத்தாவிற் பணியாற்றிய அஸீஸுல் ஹக், ஹேம சந்திர போஸ் என்னும் இருவர். அவர்கள் கணக்கு மிகவும் அழகானது. மனிதனுக்கு விரல் பத்து. ஒவ்வொரு விரலிலும் சுழி உண்டா, இல்லையா என்று மட்டும் கேட்க. விடை இரண்டிலொன்று. இரண்டைப் பத்துமுறை பெருக்கினால் 1024 வருகின்றது. ஆகவே 1024 அறைகளையுடைய ஓர் அலுமாரி இருந்தால், எவருடைய பத்து விரல்களும் அவற்றுள் ஓர் அறைக்கே உரியனவாகும். முழு அலுமாரியையும் தேடாமல் ஓரறையை மட்டும் தேடினாற் போதும். 1897இல் இந்திய அரசாங்கம் இம்முறையை ஏற்றுக் கல்கத்தாவில் விரலடையாளப் பணியகத்தை நிறுவியது. வங்காளப் பொலிஸ் அதிபதியாயிருந்த எட்வர்ட் ஹென்றி 1901இல் லண்டன் சென்று, ஸ்கொட்லாந்து யார்டில் அதே முறையை ஏற்படுத்தினார். உலகம் அதனை ஹென்றி முறை என்றே அழைத்தது. கணக்குப் போட்டவர்களுக்குக் கான் பகதூர், ராய் பகதூர் பட்டங்கள் கிடைத்தன. முறைக்குப் பெயர் மேலதிகாரியுடையதாயிற்று. உத்தியோக உலகில் இது புதுமையன்று.

அமெரிக்காவுக்கு இம்முறை சென்ற வரலாற்றில் வியப்பான செய்தியொன்று உண்டு. அங்கே விரற்பதிவை ஒழுங்காகக் கைக்கொண்ட முதலிடம் சிறைச்சாலையன்று, பரீட்சை மண்டபம். நியூ யோர்க்கில் அரசாங்க உத்தியோகப் பரீட்சைக்கு ஒருவருக்குப் பதிலாக வேறொருவர் வந்து எழுதும் மோசடியை ஒழிக்கும்பொருட்டு, டாக்டர் ஹென்றி டி பொரெஸ்ட் என்பவர் 1902இல் அதனைத் தொடங்கினார். மறு ஆண்டிலேதான் நியூ யோர்க் மாநிலச் சிறைச்சாலைகள் அதனைப் பின்பற்றின. ஆகையால், வேலை தேடிச் செல்லும் நேர்மையாளனிடம் விரலைக் கேட்பது அவமதிப்பு என்று எண்ணுவோர் இதனை நினைத்துப் பார்த்தல் தகும். 1924இல் சமஷ்டிப் புலனாய்வுப் பணியகம் நாடு முழுமைக்குமான பதிவகத்தை அமைத்தபோது 8,10,188 அட்டைகளுடன் தொடங்கிற்று. 1999இல் அங்கே தேடும் வேலை கணினியின் கைக்கு மாறியது.

இனி அந்த இரு பெண்களும் சென்ற நிலையத்துக்கு வருவோம். கலிபோர்னியாவில் இதற்கு லைவ் ஸ்கேன் என்று பெயர். மை இல்லை, கண்ணாடித் தகடொன்றின்மேல் விரலை வைக்க, அதன் உருவத்தைக் கருவி படம் பிடிக்கின்றது. ஒவ்வொரு விரலும் நகத்தின் ஒரு விளிம்பிலிருந்து மறு விளிம்பு வரை உருட்டப்படும். பின்னர் நான்கு விரல்களையும் சேர்த்துத் தட்டையாக ஒருமுறை, பெருவிரலைத் தனியாக ஒருமுறை வைத்தெடுப்பர். உருட்டிய பதிவு இடம் மாறிவிட்டால் தட்டைப் பதிவு காட்டிக்கொடுக்கும். படத்துடன் கூடிய அடையாளப் பத்திரம் கட்டாயம் வேண்டும். விரல் இன்னாருடையது என்பதற்கு அந்நேரத்தில் சாட்சி அப்பத்திரமே. வேலை கொடுக்கும் இடத்தின் குறியீட்டெண் தாளில் அச்சிடப்பட்டிருக்கும். அதில் ஓரெழுத்துப் பிழைத்தாலும் விடை வேறிடம் போய்விடும். மாநிலத்துக்குரிய கட்டணமும், விரல் பதிவோர் தத்தம் இடத்தில் வாங்கும் கூலியும் தனித்தனி. கூலி இடத்துக்கு இடம் வேறுபடும். பதிந்து முடிந்ததும் தாளிலே ஒரு தொடரெண் குறித்துக் கொடுப்பர். அதன் பிரதியைத் தொலைத்துவிடுபவர், விண்ணப்பம் எந்த நிலையில் இருக்கின்றதென்று பின்னர் வினவுவதற்கு வழியின்றித் தவிப்பர்.

விரல்களிலும் வேறுபாடுண்டு. எழுதுகோல் பிடித்தவன் விரல் தெளிவாகப் பதியும். செங்கல் அடுக்கினவன், வயலில் மண் கொத்தினவன், நாள் முழுவதும் பாத்திரம் கழுவினவள் ஆகியோரின் விரல்களிலே கோடுகள் தேய்ந்திருக்கும். முதுமையிலும் தோல் மெலிந்து கோடு மங்கும். இப்படிப்பட்ட பதிவுகளைக் கணினி வாசிக்க மாட்டாமல் திருப்பி அனுப்பிவிடும். திருப்பப்பட்டவர் மீண்டும் வரவேண்டும். சமஷ்டிப் பணியகம் இருமுறை திருப்பிவிட்டால் பெயர்வழித் தேட்டத்துக்கு விண்ணப்பிக்கலாம். உழைத்துத் தேய்ந்த விரலையுடையவர்க்கு மட்டும், நம்பத்தகாதென்று ஒதுக்கிய பழைய முறையே துணையாக நிற்பது விந்தையே. போகுமுன் சில நாட்கள் விரல்களில் எண்ணெய்ப்பசை பூசித் தோலை மென்மையாக்கி, பதியும் வேளையில் நன்கு துடைத்துக்கொள்ளுதல் ஓரளவு உதவும்.

பதிவு மின்வழியே மாநில நீதித் திணைக்களத்தைச் சென்றடைகின்றது. அங்கே கணினி, கோடு முடியும் இடங்களையும் கிளைக்கும் இடங்களையும் குறித்தெடுத்து, கைதானோர் பதிவுகளோடு ஒப்பிடுகின்றது. ஒப்புமை எதுவும் இல்லையாயின் மனிதர் கை படாமலே விடை புறப்படும். முதற் பெண்ணுக்கு மூன்றாம் நாள் அழைப்பு வந்தது அதனாலேயே. ஒப்புமை இருந்தாலோ, கணினி நின்றுவிடுகின்றது; அலுவலர் ஒருவர் அப்பதிவை எடுத்துப் படிக்க வேண்டும்.

அவர் படிப்பது யாது? இங்கேதான் விரற்சோதனையின் பலவீனம் வெளிப்படுகின்றது. கைது செய்தது பொலிஸ். விரலைப் பதிந்து அனுப்பியதும் பொலிஸ். வழக்குத் தொடர்வதா விடுவதா என்று தீர்மானித்தது வழக்குத் தொடுநர் காரியாலயம். தீர்ப்பளிப்பது நீதிமன்றம். இம்மூன்று இடங்களிலிருந்தும் செய்தி வந்து சேர்ந்தாலன்றிப் பதிவு நிறைவுறாது. கைது என்ற முதல் வரி விரலோடு வந்து சேர்ந்துவிடுகின்றது. விடுவிக்கப்பட்டார் என்ற இரண்டாம் வரி எங்கோ ஒரு கோப்பிலே தங்கிவிடுகின்றது. ஆளை அடையாளங் காண்பதில் விரல் பிழைக்கவில்லை. ஆள் என்ன செய்தார் என்பதை விரல் சொல்லாது. அதைச் சொல்வது எழுதுவினைஞரின் பேனா.

முடிவு குறிக்கப்படாத பழைய கைதை அப்படியே பாடசாலைக்கு எழுதி அனுப்பத் திணைக்களத்துக்கு அதிகாரமில்லை. அதன் முடிவை அறிய உண்மையான முயற்சி செய்ய வேண்டும் என்பது சட்டம். முயற்சி என்றால், நீதிமன்றத்துக்கும் பொலிசுக்கும் எழுதி விடை பெறுதல். இருபது ஆண்டுக்கு முந்திய கோப்பு எந்த அறையில் எந்த மூட்டையில் கிடக்கின்றதோ! அந்த மூன்று வாரமும், அதற்கு மேலும், இரண்டாம் பெண்ணின் வேலை அந்தரத்தில் நின்றது. அவளைக் காக்கும் பொருட்டு எழுந்த சட்டமே அவளைக் காக்கவைத்தது. வேலை கொடுப்பவரும் எத்தனை நாள் பொறுப்பார்? மறுத்துவிட்டார் என்று சொல்லாமலே இடத்தை வேறொருவருக்குக் கொடுத்துவிடுவதும் உண்டு. தாமதத்துக்குக் காரணம் இன்னதென்று அறியாத அதிபர், ஏதோ இருக்கத்தான் வேண்டும் என்று எண்ணிக்கொள்வதும் மனித இயல்பே.

இத்தகைய இக்கட்டுக்குக் கலிபோர்னியச் சட்டம் ஒரு வாயில் திறந்து வைத்திருக்கின்றது. எவரும் தம் சொந்தப் பதிவைத் தாமே வரவழைத்துப் பார்க்கலாம். அதற்கும் விரல் பதியவேண்டும். திணைக்களக் கட்டணம் 25 டொலர். வறியோர் கட்டண விலக்குக் கேட்கலாம். பதிவு இருந்தால் அதன் பிரதியும், பிழையோ குறையோ காணப்படின் முறையிடுவதற்கான பத்திரமும் தபாலில் வரும். வேலை கொடுப்பவர், "உன் பதிவை நீயே வாங்கி வந்து காட்டு" என்று கேட்பதைச் சட்டம் தடுத்துள்ளது; கேட்பவரே குற்றம் புரிந்தவராவார். பதிவிலுள்ள செய்தியைக் காரணமாகக் கொண்டு ஒருவரை ஒதுக்கினால், அச்செய்தியின் பிரதியை அவருக்கு விரைந்து கொடுக்க வேண்டும் என்ற விதியும் உண்டு. 2018 ஜனவரி முதலாந் திகதி நடைமுறைக்கு வந்த சட்டமொன்று, ஐவரோ அதற்கு மேற்பட்டோரோ பணிபுரியும் இடங்களில், வேலை தருவதாகச் சொல்லுமுன் குற்ற வரலாற்றை வினவுதல் ஆகாது என்றது. சோதனையைச் சட்டமே கட்டாயமாக்கிய பணிகள் அதற்கு விலக்கு.

மாநிலச் சோதனையின் எல்லையையும் அறிந்திருத்தல் நன்று. கலிபோர்னியாவின் பதிவகம் கலிபோர்னியாவின் கைதுகளையே காணும்; பக்கத்து நெவாடாவில் நடந்ததைக் காணாது. அதற்குச் சமஷ்டிப் பணியகத்தின் சோதனையும் கூடவே கேட்கப்பட வேண்டும். பல பணிகளுக்கு இரண்டும் கேட்கப்படுகின்றன. யாழ்ப்பாணத்திலோ சென்னையிலோ பல்லாண்டு வாழ்ந்து அங்கே குடியேறிய ஒருவருடைய முன்வரலாறு இரண்டிலும் அகப்படாது. அது வேண்டுமாயின் அந்தந்த நாட்டுப் பொலிஸ் சான்றே வேண்டும். ஆகவே, குற்றப் பதிவு இல்லை என்ற விடைக்குப் பொருள், குறித்த பதிவகத்தில் குறித்த நாளில் இல்லை என்பதே.

விரல் ஒருபோதும் பிழையாது என்று சத்தியம் செய்வோர்க்கு 2004ஆம் ஆண்டு ஒரு பாடம் கற்பித்தது. அவ்வாண்டு மார்ச்சில் மட்ரிட் நகரப் புகைவண்டிகளில் குண்டுகள் வெடித்தன. பை ஒன்றிலே கிடைத்த மங்கலான விரற்சுவடு ஒரேகன் மாநிலத்து வழக்கறிஞர் ஒருவருடையது என்று சமஷ்டிப் பணியகத்து நிபுணர் உறுதி கூறினர், அவர் சிறைவைக்கப்பட்டார். பின்னர் ஸ்பானியப் பொலிசார் அச்சுவடு அல்ஜீரியர் ஒருவருடையது எனக் கண்டனர். பணியகம் மன்னிப்புக் கேட்டது. ஆயினும் அது சிதைந்த ஒற்றைச் சுவடு. வேலைச் சோதனையில் ஒப்பிடப்படுவன தெளிவாய் எடுக்கப்பட்ட பத்து விரல்கள். இரண்டையும் ஒன்றாகக் கொண்டு அஞ்சுதல் பொருந்தாது. வேலை தேடுவோருக்கு நேரும் துன்பத்துக்குக் காரணம் பெரும்பாலும் விரலன்று, விரலுக்கு எதிரே நிரப்பப்படாமல் விடப்பட்ட பத்தியே.

இரண்டாம் பெண் என்ன செய்தாள் எனின், தன் பதிவை வரவழைத்தாள். கைது செய்த நாளும் குற்றச்சாட்டின் பெயரும் இருந்தன. முடிவு என்ற இடம் வெறுமையாயிருந்தது. வழக்குத் தொடுநர் காரியாலயத்துக்குத் தானே சென்று, அந்நாளைய கைதின்பேரில் வழக்கெதுவும் பதியப்படவில்லை என்று அத்தாட்சிப்படுத்திய கடிதம் பெற்று, முறையீட்டுப் பத்திரத்தோடு சேர்த்து அனுப்பினாள். வெறுமையாயிருந்த இடம் நிரப்பப்பட்டது. பாடசாலைக்கு விடை சென்றது. திணைக்களத்தார் எழுதிக் கேட்டும் வாராத கடிதம், உரியவள் நேரிற் சென்று நின்றபோது இரண்டு நாளில் வந்துவிட்டது.

விடை சென்றதோடு அவ்விரல்கள் அழிக்கப்படுவதில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். வேலைக்காகப் பதிந்த விரல்களை மாநிலம் வைத்துக்கொண்டு, பின்னொரு நாளில் அவர் கைதானால் வேலை கொடுத்தவருக்கு அறிவிக்கின்றது. அவர் அவ்வேலையை விட்டு நீங்கும்போது, இனி இவரைப் பற்றிய அறிவித்தல் வேண்டாம் என்று வேலை கொடுத்தவர் எழுதி அனுப்பவேண்டும். எழுத மறந்தால், பழைய எசமானுக்குத் தம் பழைய ஊழியரைப் பற்றிய செய்தி போய்க்கொண்டேயிருக்கும். வேலையை விட்டு நீங்குவோர் கடைசிச் சம்பளம் வாங்கும் நாளில் அக்கடிதம் அனுப்பப்பட்டதா என்று ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளலாம்.